பனிமூட்டத்துக்கும் திருடனுக்கும் வித்தியாசம் தெரியாத கமரா

ஹட்டன், தலவாக்கலை, பண்டாரவளை என்று எந்த மலையகப் பட்டணத்தின் பிரதான வீதியில் நடந்தாலும் கடைக்குக் கடை ஒரு கமரா நம்மை முறைத்துக்கொண்டிருக்கிறது. தோட்டத்துக் கோயில் உண்டியலுக்கு மேலும் அது வந்துவிட்டது. பொருத்த வருபவர் சொல்லும் வசனம் எங்கும் ஒன்றுதான்: "ஆள் வந்தால் போனுக்கே தகவல் வந்துவிடும், முதலாளி."

தகவல் வரத்தான் செய்கிறது. பனி இறங்கினாலும் வருகிறது, மழை தூறினாலும் வருகிறது, வாசலில் படுத்திருக்கும் நாய் சோம்பல் முறித்தாலும் வருகிறது. ஆரம்பத்தில் பதறியடித்துக்கொண்டு பார்த்த முதலாளி, சில நாட்களில் போனைக் கவிழ்த்து வைக்கிறார். பிறகு அறிவிப்பையே அணைத்துவிடுகிறார். உண்மையிலேயே ஒருவன் பூட்டை உடைக்கும் இரவில் அந்தக் கமரா சத்தமில்லாமல் பார்த்துக்கொண்டிருக்கும்.

'கமரா பழுது' என்பார்கள் சிலர். 'மலிவுச் சாமான் இப்படித்தான்' என்பார்கள் வேறு சிலர். பெரும்பாலும் இரண்டுமே காரணமல்ல. அசைவை உணர்வது என்றால் கமராவுக்குள் என்ன நடக்கிறது என்பதை யாரும் நமக்கு விளக்குவதில்லை. அது விளங்கினால், அமைப்புகளில் எதைத் தொட வேண்டும், எதைத் தொடக் கூடாது என்பதும் தானாகவே விளங்கும்.

இங்கே பேசப்போவது வலையமைப்புக் கமராக்களைப் பற்றி. ரவுட்டருடன் இணைந்து, தனக்கென்று ஒரு முகவரியுடன் இயங்கும் கமரா அது. உள்ளே ஒரு சிறிய கணினியே இருக்கிறது. இந்த வகையில் முதலாவதை 1996இல் சுவீடனின் அக்ஸிஸ் நிறுவனம் சந்தைக்குக் கொண்டுவந்தது. இன்றைய கமரா படம் எடுப்பதோடு நிற்காமல், எடுத்த படத்தைத் தானே பரிசோதிக்கவும் செய்கிறது.

ஆறு வித்தியாசங்கள்

ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகையின் சிறுவர் பக்கத்தில் ஒரே மாதிரியான இரண்டு படங்களைப் போட்டு, ஆறு வித்தியாசங்களைக் கண்டுபிடிக்கச் சொல்வார்கள் அல்லவா? கமரா இரவு பகலாக விளையாடுவது அதே விளையாட்டைத்தான். வினாடிக்கு 15 அல்லது 25 படங்கள் எடுக்கிறது. இப்போது எடுத்த படத்தைச் சற்று முன்பு எடுத்ததுடன் ஒப்பிடுகிறது. வித்தியாசம் போதுமான அளவு இருந்தால் 'அசைவு' என்று அறிவிக்கிறது.

பத்திரிகையைப் பார்க்கும் பிள்ளைக்கு, மாறியிருப்பது கிளியின் வாலா, தாத்தாவின் தொப்பியா என்று தெரியும். கமராவுக்கு அது தெரியாது. அதனிடம் இருப்பவை வெறும் எண்கள். படம் என்பது மிகச் சிறிய புள்ளிகளால் ஆனது. ஒவ்வொரு புள்ளியும் ஒரு பிக்சல். ஒவ்வொரு பிக்சலின் வெளிச்சத்துக்கும் பொதுவாக 0 முதல் 255 வரை ஒரு மதிப்பு உண்டு. 0 என்றால் கும்மிருட்டு, 255 என்றால் பளீர் வெள்ளை. உங்கள் கடையின் இரும்புக் கதவு விழும் இடத்தில் ஒரு பிக்சலின் மதிப்பு 90 என்று வைத்துக்கொள்வோம். அடுத்த படத்தில் அது 93 ஆனால், கமரா பொருட்படுத்தாது. 170 ஆனால், அந்தப் புள்ளியில் ஏதோ மாறிவிட்டது என்று குறித்துக்கொள்ளும். வெள்ளைச் சட்டைக்காரர் கடந்தாலும் 170 ஆகலாம், பஸ்ஸின் விளக்கு அடித்தாலும் 170 ஆகலாம். எண்ணுக்குப் பின்னால் இருப்பது என்ன என்று அது கேட்பதில்லை.

புள்ளி புள்ளியாகப் பார்த்தால் வேலை அதிகம் என்பதால், பெரும்பாலான கமராக்கள் படத்தைச் சிறிதாக்கி, சதுரக் கட்டங்களாகப் பிரித்து, கட்டம் கட்டமாகக் கணக்குப் பார்க்கின்றன. இன்னொரு நுணுக்கமும் உண்டு. பல கமராக்கள் முந்திய படத்துடன் மட்டும் ஒப்பிடுவதில்லை. 'இந்த இடம் வழக்கமாக இப்படித்தான் இருக்கும்' என்று ஒரு பின்னணிப் படத்தை நினைவில் வைத்து, அதை மெல்ல மெல்லப் புதுப்பித்துக்கொள்கின்றன. அதனால்தான் விடியும்போது படம் முழுக்க வெளிச்சம் ஏறினாலும் எச்சரிக்கை வருவதில்லை. அதே காரணத்தால், அசையாமல் வெகுநேரம் நிற்கும் ஆளும் பின்னணியோடு பின்னணியாகக் கரைந்துபோகிறார்.

ஆள் எந்தத் திசையில் நடக்கிறார் என்பதும் முக்கியம். கமராவின் பார்வைக்குக் குறுக்கே நடப்பவர் பல கட்டங்களைக் கலைத்துவிட்டுப் போவார். நேராகக் கமராவை நோக்கி வருபவர் அதே கட்டங்களுக்குள்ளேயே மெதுவாகப் பெரிதாவதால் மாற்றம் குறைவாகவே தெரியும். எனவே வாசலுக்கு நேரெதிரே பொருத்துவதைவிட, ஒரு பக்கமாகப் பொருத்துவது நல்லது.

சுருக்கமாக: கமரா ஆளைத் தேடுவதில்லை, வெளிச்சத்தில் ஏற்படும் மாற்றத்தை எண்ணுகிறது. எது பொருட்படுத்த வேண்டிய மாற்றம் என்று அதற்குச் சொல்லிக்கொடுப்பதுதான் நம் வேலை.

இரண்டு அளவுகள், ஒரு குழப்பம்

அமைப்புப் பக்கத்தில் 'மோஷன் டிடெக்‌ஷன்' என்ற பகுதியைத் திறந்தால் வழக்கமாக இரண்டு அளவுகோல்கள் இருக்கும். முதலாவது உணர்திறன், அதாவது 'சென்சிட்டிவிட்டி'. ஒரு கட்டத்தில் வெளிச்சம் எவ்வளவு மாறினால் அதை மாற்றம் என்று கணக்கில் எடுப்பது என்பதை இது தீர்மானிக்கும். இரண்டாவது வரம்பு, அதாவது 'த்ரெஷோல்ட்'. மொத்தத்தில் எத்தனை சதவீதக் கட்டங்கள் மாறினால் எச்சரிக்கை கொடுப்பது என்பது இதன் பொறுப்பு. சில கமராக்களில் ஒரே ஒரு அளவுகோல்தான் இருக்கும். அது இரண்டையும் சேர்த்தே நகர்த்தும்.

இரண்டும் எதிரெதிர்த் திசையில் வேலை செய்கின்றன என்பதுதான் குழப்பத்துக்குக் காரணம். உணர்திறனைக் கூட்டினால் எச்சரிக்கை கூடும். வரம்பைக் கூட்டினால் எச்சரிக்கை குறையும். இதை அறியாமல் 'எல்லாவற்றையும் நூறில் வைத்தால் நூறு சதவீதம் பாதுகாப்பு' என்று இரண்டையும் உச்சத்துக்குத் தள்ளியவர்களைப் பார்த்திருக்கிறேன். அப்படி வைத்தால், படம் முழுவதும் மாறினால் ஒழியக் கமரா வாய் திறக்காது.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். நீங்கள் வரைந்த பகுதியில் 100 கட்டங்கள் இருக்கின்றன. ஒரு ஆள் உள்ளே வந்தால் 12 கட்டங்களை மறைக்கிறார். வரம்பு 20 சதவீதம் என்றால் அந்த ஆள் நாள் முழுக்க நடந்தாலும் எச்சரிக்கை வராது. 1 சதவீதம் என்றால் பூச்சி பறந்தாலும் வரும். 5 அல்லது 6 சதவீதம் என்றால் ஆள் சிக்குவார், பூச்சி தப்பிவிடும். உணர்திறனை நடுவில் வைத்து, வரம்பை இப்படி ஆளின் அளவுக்கு ஏற்பக் கணித்துத் தொடங்குங்கள். பிறகு ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். இரண்டையும் ஒன்றாக அசைத்தால் எதனால் என்ன நடந்தது என்று சொல்ல முடியாது.

எங்கே பார்க்க வேண்டும் என்று கோடு போடுதல்

அளவுகளோடு மல்லுக்கட்டுவதற்கு முன்பே பாதித் தொல்லையைத் தீர்த்துவிடக்கூடியது இந்த அமைப்பு. ஆனால் மிகக் குறைவானவர்கள் தொடுவதும் இதைத்தான். படத்தின் மேல் சதுரக் கட்டங்கள் தெரியும். எந்தக் கட்டங்களைக் கவனிக்க வேண்டும் என்று விரலால் அல்லது மவுஸால் வரைந்து காட்டலாம். இதை அசைவுப் பகுதி என்று சொல்லலாம்.

ஹட்டன் பிரதான வீதியில் ஒரு மளிகைக் கடையை எடுத்துக்கொள்ளுங்கள். கமராப் படத்தின் மேல்பாதி முழுக்க வீதி: பஸ், ஆட்டோ, லொறி, அவற்றின் விளக்குகள். இடது மூலையில் காற்றில் படபடக்கும் துணி விளம்பரம். கீழே வலப்பக்கத்தில் கடையின் இரும்புக் கதவும் இரண்டு படிகளும். தொழிற்சாலையிலிருந்து வரும்போது அசைவுப் பகுதி பெரும்பாலும் முழுப் படமுமாகவே இருக்கும். அப்படியே விட்டால் வீதியில் போகும் ஒவ்வொரு வாகனமும் உங்கள் போனைத் தட்டிவிட்டுத்தான் போகும். எல்லாவற்றையும் அழித்துவிட்டு, அந்த இரண்டு படிகளையும் கதவின் கீழ்ப்பாதியையும் மட்டும் வரையுங்கள். ஆள் எப்படி வந்தாலும் கால் தரையில்தான் படவேண்டும். ஆகவே தரையை ஒட்டி வரைந்த பகுதியே நம்பத்தக்கது. வாகன விளக்கு சுவரின் மேற்பகுதியில் அடிக்கிறது என்றால் அந்த உயரத்தை விட்டுவிடுங்கள்.

இங்கே ஒரு தப்பெண்ணத்தைத் தீர்க்க வேண்டும். பகுதிக்கு வெளியே நடப்பது பதிவாகாது என்று பலர் நினைக்கிறார்கள். பதிவு தொடங்கிவிட்டால் முழுப் படமும்தான் பதிவாகும். பகுதி என்பது எச்சரிக்கையை எது தூண்டலாம் என்பதை மட்டும் தீர்மானிக்கிறது. ஓர் இடம் பதிவாகவே கூடாது என்றால் அதற்கு 'பிரைவசி மாஸ்க்' என்ற வேறு அமைப்பு இருக்கிறது. அது அந்த இடத்தைக் கறுப்பாக மூடிவிடும். லயத்தில் ஒரு வீட்டு வாசலும் அடுத்த வீட்டு வாசலும் ஒட்டியே இருக்கின்றன. பக்கத்து வீட்டுக் கதவையும் குளிக்கும் பீலியையும் இதனால் மூடிவிடுவதுதான் மரியாதை. தனிப்பட்ட தரவுகளைப் பாதுகாக்கும் 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டம் ஒருவரின் முற்றிலும் வீட்டுத் தேவைக்கான பயன்பாட்டுக்கு விலக்கு அளிக்கிறது. கடைக்கும் விடுதிக்கும் அந்த விலக்கைச் சொல்லித் தப்ப முடியாது.

பனி, மழை, சிலந்தி

கமராவுடன் வரும் கையேடுகள் சமதரையை மனதில் வைத்து எழுதப்பட்டவை போலவே இருக்கும். சுமார் 1,868 மீற்றர் உயரத்தில் இருக்கும் நுவரெலியாவில் பின்னேரம் நான்கு மணிக்கே எதிர்மலை மறைந்துவிடும் என்பது அவற்றை எழுதியவர்களுக்குத் தெரிந்திருக்காது.

இருட்டில் படம் எடுக்கக் கமராவைச் சுற்றிச் சிறு அகச்சிவப்பு விளக்குகள் இருக்கின்றன. நம் கண்ணுக்குப் பெரும்பாலும் தெரியாத ஒளியே அகச்சிவப்பு. கமராவுக்கு அது பட்டப்பகல். 850 நனோமீற்றர் அலைநீள வகை விளக்கு மங்கிய சிவப்பாகத் தெரியும், 940 வகை கண்ணுக்குப் படவே படாது. பனிமூட்டம் என்பது காற்றில் மிதக்கும் நீர்த்துளிகள். விளக்கும் வில்லையும் ஒரே இடத்தில் இருப்பதால், விளக்கின் ஒளி வில்லைக்கு முன்னே மிதக்கும் துளிகளில் பட்டு நேரே வில்லைக்கே திரும்புகிறது. படம் வெளிறிப்போகிறது. பனி அலையலையாக நகரும்போது கட்டங்களின் வெளிச்சம் ஏறி இறங்குவதால் பொய் எச்சரிக்கை வருகிறது.

அதைவிட மோசமான விளைவு ஒன்று இருக்கிறது, யாரும் அதைப் பற்றிப் பேசுவதில்லை. வெளிறிய படத்தில் ஆளுக்கும் பின்னணிக்கும் இடையிலான வித்தியாசம் சுருங்கிவிடுகிறது. தெளிவான இரவில் 90இலிருந்து 170க்குப் பாய்ந்த எண், பனிக்குள் 180இலிருந்து 188க்குத்தான் நகரும். கமராவுக்கு அது ஒன்றுமே இல்லை. ஆகவே பனி வந்தால் இல்லாத ஆளுக்கு எச்சரிக்கை வரலாம், வந்த ஆளுக்கு வராமலும் போகலாம். உணர்திறனைக் குறைத்து முதலாவதைத் தீர்த்தால் இரண்டாவது முற்றும்.

மென்பொருளால் இதற்கு முழுத் தீர்வு இல்லை. வெளிச்சத்தைத்தான் இடம் மாற்ற வேண்டும். கமராவின் அகச்சிவப்பு விளக்கை அணைத்துவிட்டு, சற்றுத் தள்ளி ஒரு பக்கத்திலிருந்து சாதாரண எல்ஈடி விளக்கையோ தனி அகச்சிவப்பு விளக்கையோ வாசலுக்கு அடியுங்கள். வில்லைக்கு முன்னே உள்ள துளிகளில் ஒளி படாததால் படத்தின் வெளிறல் வெகுவாகக் குறையும்.

மழைக்கும் இதுவே பொருந்தும். மே முதல் செப்டெம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று மஸ்கெலியா, நோர்வூட் பக்கத்தை நனைக்கும்போது, வில்லைக்கு அருகே விழும் துளிகள் இரவில் வெள்ளைக் கோடுகளாகத் தெரியும். கமராவைக் கூரை விளிம்புக்கு உள்ளே தள்ளிப் பொருத்துங்கள். ஆனால் தகரத்திலோ கூரைப் பீலியிலோ திருகாதீர்கள். காற்றுக்குத் தகரம் அதிரும், தகரத்தோடு கமரா அதிரும், கமரா அதிர்ந்தால் படத்தில் எல்லாக் கட்டமும் ஒரே நேரத்தில் மாறும். சீமெந்துச் சுவர் கிடைத்தால் அதுவே உத்தமம்.

சிலந்திக்குக் கமரா மிகவும் பிடித்த இடம். விளக்குக்குப் பூச்சி வரும், பூச்சிக்காகச் சிலந்தி வரும். வில்லைக்கு விரற்கடை தூரத்தில் ஆடும் ஒரே ஒரு நூல், அகச்சிவப்பு ஒளியில் வெள்ளைக் கயிறு போலத் தெரியும். ஆளைவிடப் பெரியதாக எண்ணில் ஏறும். நள்ளிரவில் காரணமே இல்லாமல் எச்சரிக்கை வருகிறது என்றால் அமைப்புகளைத் தோண்டுவதற்கு முன்பு மெல்லிய துணியால் துடைத்துப் பாருங்கள்.

மாலை வேளையில் வரும் தொல்லை வேறு. கமரா பகல் நிலையிலிருந்து இரவு நிலைக்கு மாறும்போது வண்ணப் படம் கறுப்பு வெள்ளையாகும். எல்லாக் கட்டங்களும் ஒன்றாக மாறும். சமதரையில் இது நாளுக்கு இரண்டு முறைதான். இங்கே பனி வந்து போய், வெளிச்சம் மங்கித் தெளிந்து, ஒரே பின்னேரத்தில் பலமுறை நடக்கலாம். பகல்–இரவு மாற்றத்துக்கு ஒரு தாமத அளவு இருக்கும். அதைக் கூட்டினால் இந்த ஊசலாட்டம் அடங்கும்.

இதுவரை பார்த்தவற்றில் பொய் எச்சரிக்கைக்கான காரணங்கள் பெரும்பாலும் அமைப்புப் பக்கத்துக்கு வெளியே இருப்பதைக் கவனித்திருப்பீர்கள். விளக்கு, சுவர், துணி ஆகிய மூன்றையும் சரிபார்த்த பிறகே அளவுகோல்களுக்குப் போகவேண்டும்.

வெப்பத்தை உணரும் வகை

பற்றரியில் இயங்கும் சிறு கமராக்கள் பலவற்றில் பிஐஆர் உணரி இருக்கிறது. இது படத்தையே பார்ப்பதில்லை. உடலிலிருந்து வெளிப்படும் வெப்பக் கதிர் தன் முன்னால் குறுக்கே நகர்வதை உணர்கிறது. குளிர்ந்த மலையக இரவில் சூடான உடல் நன்றாகவே எடுபடும். நிழலும் வாகன விளக்கும் இதை அவ்வளவாக ஏமாற்றாது. குறைகளும் உண்டு. கண்ணாடியை ஊடுருவி இது உணராது. யன்னலுக்குள் வைத்துப் பயனில்லை. மின்சாரத்தை மிச்சப்படுத்தத் தூங்கிக்கொண்டிருக்கும் கமரா, உணரி தட்டிய பிறகுதான் விழிக்கிறது. அந்தச் சிறு தாமதத்தில் ஆள் கடந்துவிட, பதிவில் முதுகு மட்டும் மிஞ்சும்.

'ஆளை அறியும்' கமரா

இப்போது விற்பனையில் அதிகம் பேசப்படுவது செயற்கை நுண்ணறிவு. மனிதன், வாகனம் ஆகியவற்றின் ஏராளமான படங்களைக் காட்டிப் பழக்கிய மென்பொருள் ஒன்று, மாறிய பகுதியில் இருப்பது மனித உருவமா என்று மதிப்பிடுகிறது. பல கமராக்களில் முதலில் அதே பழைய வித்தியாச விளையாட்டு நடக்கிறது. அதில் தேறியதைத்தான் இந்த மென்பொருள் பரிசோதிக்கிறது. முதல் படியிலேயே பனிக்குள் தவறிய ஆள் இரண்டாவது படிக்கு வரமாட்டார்.

வாங்கக்கூடியவர்கள் வாங்கலாம், பொய் எச்சரிக்கை உண்மையாகவே குறையும். ஆனால் அது தருவது ஊகம். தலையில் சாக்கைப் போர்த்திக் குனிந்து வருபவரோ, விறகுக் கட்டைச் சுமந்து வருபவரோ அதற்கு மனித உருவமாகப் படாமல் போகலாம். உங்கள் எதிரி யார் என்பதையும் யோசியுங்கள். நுவரெலியாப் பக்கம் கரட், லீக்ஸ் பாத்திகளுக்குக் காவலாகக் கமரா வைப்பவருக்குத் தொல்லை காட்டுப்பன்றி. 'மனிதர் மட்டும்' என்று தெரிவு செய்துவிட்டால், பன்றிக்கூட்டம் பாத்தியைக் கிளறி முடிக்கும்வரை கமரா வாயைத் திறக்காது.

பதிவும் பார்வையும்

என் கட்சி இதுதான்: இடம் இருந்தால் பதிவைத் தொடர்ச்சியாக ஓடவிடுங்கள், அசைவு உணர்தலை அறிவிப்புக்கும் தேடலுக்கும் மட்டும் பயன்படுத்துங்கள். அசைவு இருந்தால் மட்டும் பதிவு செய் என்று அமைத்தால், கமரா தவறவிட்ட நிகழ்ச்சி எங்குமே இருக்காது. 'இடம் போதாது' என்பார்கள். வினாடிக்கு 2 மெகாபிட் வேகத்தில் பதியும் கமரா ஒரு மணிக்கு 900 மெகாபைட், நாளுக்கு ஏறத்தாழ 21.6 ஜிகாபைட் எடுக்கும். ஒரு டெராபைட் வன்தட்டில் ஒரு கமராவுக்கு 46 நாட்கள், நான்கு கமராவுக்கு 11 நாட்களுக்கு மேல் வரும். ஒரு சிறு கடைக்கு இது போதும்.

மெமரி கார்ட் மட்டுமே உள்ளவர்கள் அசைவுப் பதிவையே நம்ப வேண்டும். அவர்கள் 'பிரீ ரெக்கார்ட்' என்ற முன்பதிவு அமைப்பைத் தேடிப் பார்க்கவேண்டும். கடைசிச் சில வினாடிகளைக் கமரா எப்போதும் நினைவில் வைத்திருந்து, அசைவு தெரிந்தவுடன் அவற்றையும் சேர்த்துச் சேமிக்கும். ஆள் எந்தப் பக்கமிருந்து வந்தார் என்பது அந்த வினாடிகளில்தான் இருக்கும்.

பழைய பதிவைப் பார்க்கும்போது நேரக்கோட்டில் அசைவு இருந்த இடங்கள் வேறு நிறத்தில் தெரியும். தொடர்ச்சியாகப் பதிந்திருந்தால், பல பதிவுப் பெட்டிகளில் இன்னொரு வசதியும் கிடைக்கும்: பழைய படத்தின் மேல் கதவை மட்டும் கட்டம் போட்டு, 'இந்த இடத்தில் மாற்றம் நடந்த நேரங்களை மட்டும் காட்டு' என்று கேட்கலாம். இதற்குக் கடிகாரம் சரியாக இருக்க வேண்டும். மின்வெட்டுக்குப் பிறகு சில கமராக்கள் பழைய தேதிக்குத் திரும்பிவிடும். இணையத்திலிருந்து தானே நேரம் எடுக்கும் அமைப்பை இயக்கி, நேர வலயத்தை +5:30இல் வையுங்கள். வெளியூரிலிருந்து போனில் நேரடியாகப் பார்க்கும்போது 'சப் ஸ்ட்ரீம்' எனப்படும் சிறிய படத்தைத் தெரிவு செய்தால் டேட்டா சீக்கிரம் தீராது.

கடவுச்சொல்லை மறந்தும் பழையபடி விடாதீர்கள். 2016இல் 'மிராய்' என்ற தீநிரல், தொழிற்சாலைக் கடவுச்சொல்லை மாற்றாத கமராக்களையும் பதிவுப் பெட்டிகளையும் உலகெங்கும் தேடிப் பிடித்து, இணையத்தையே முடக்கும் தாக்குதலுக்குப் பயன்படுத்தியது. உங்கள் வாசலை வேறு யாரோ பார்த்துக்கொண்டிருக்கவும் அதே ஓட்டை போதும்.

எல்லாம் அமைத்த பிறகு ஒரு நடைச் சோதனை செய்யுங்கள். போனை வீட்டில் ஒருவரிடம் கொடுத்துவிட்டு, திருடன் வரக்கூடிய வழியிலேயே நீங்கள் நடந்து வாருங்கள். வேகமாக ஒரு முறை, பதுங்கிப் பதுங்கி ஒரு முறை, குடை பிடித்து ஒரு முறை. பகலில் செய்தது இரவுக்குச் செல்லாது, தெளிந்த இரவில் செய்தது பனிக்குச் செல்லாது. மூன்றிலும் தனித்தனியாகச் செய்யுங்கள். எந்த நடைக்கு அறிவிப்பு வரவில்லையோ அந்த இடத்தில் வரம்பை ஒரு படி இறக்கி, மறுபடி நடந்து பாருங்கள்.